சுவரிலிருந்து ஒரு சாண்

பெயின்ட் அடிக்க வந்தவர் உள்ளறைச் சுவரைத் தடவிப் பார்த்துவிட்டு என்னைக் கூப்பிட்டார். கோட்டுச்சேரிக்காரர். வேலை சுத்தம், வாய் மட்டும் கொஞ்சம் நீளம்.

“ஐயா, இங்க எண்ணெய்க் கறை இருக்கு பாருங்க. இது மேல அப்படியே அடிச்சா பெயின்ட் நிக்காது. ஒரு மாசத்துல கறை திரும்ப மேல வந்துரும். சுரண்டிட்டு, பட்டி வச்சுதான் அடிக்கணும். சுரண்டட்டுங்களா?”

தரையிலிருந்து இரண்டரை அடி உயரத்தில், உள்ளங்கை அகலத்துக்கு மஞ்சளாக ஒரு வட்டம். உன் கொண்டை பட்ட இடம். உன் வருஷ திதிக்காகத்தான் வீட்டுக்கு வண்ணம் அடிக்கிறேன். சுரண்டச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அந்த ஒரு சுவரை விட்டுவிட்டு மற்றதை அடியுங்கள் என்றேன்.

“மூணு சுவரு புதுசு, ஒண்ணு பழசாங்க?” என்றவர், என் முகத்தைப் பார்த்துவிட்டுத் தாமே பதிலும் சொல்லிக்கொண்டார். “புரியுதுங்கய்யா. அம்மா தவத்துல இருந்த எடம். ஞாபகத்துக்கு இருக்கட்டும்.”

அவருக்கு ஒன்றும் புரியவில்லை. ஊரில் யாருக்குமே புரியவில்லை. புரிந்துவிடாமல் ஒரு வருஷமாகப் பார்த்துக்கொண்டவன் நான்தான்.

உனக்கு நான் கடிதம் எழுதியதே கிடையாது. ஒரே வீட்டில் இருப்பவளுக்கு எதற்குக் கடிதம்? வேண்டியதைக் கத்திக் கேட்டால் ஆயிற்று. “இந்தா” என்பேன், வருவாய். முப்பத்தெட்டு வருஷம் உன்னை நான் கூப்பிட்டது அப்படித்தான். கல்யாணப் பத்திரிகையில் போட்டிருந்த உன் பெயரை, ஆஸ்பத்திரிச் சீட்டு எழுதும்போதும் பிள்ளையைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போதும்தான் சொல்லியிருப்பேன்.

பால்வாடியில் வேலை பார்த்து நீ ஓய்வு பெற்ற மறு மாதம்தான் அந்த வகுப்புக்குப் போக ஆரம்பித்தாய். காரைக்கால் டவுனில் ஒரு ஜவுளிக்கடை மாடியில் நடந்த வகுப்பு. ஞாயிற்றுக்கிழமை ஞாயிற்றுக்கிழமை பஸ் ஏறிப் போவாய். மூச்சுப் பயிற்சி, கண்ணை மூடி உட்காருவது என்று கேள்விப்பட்டபோது எனக்குச் சிரிப்புத்தான் வந்தது. முப்பது வருஷம் அடுத்த வீட்டுப் பிள்ளைகள் அழுததைக் கேட்டவளுக்கு ஒரு மணி நேரம் சும்மா இருக்க ஆசை, அவ்வளவுதான் என்று நினைத்தேன். பத்து நாளில் அலுத்துவிடும் என்று உன் மகள் வசந்தியிடம் போனில் சொன்னேன். நீ பதினோரு மாதமாகியும் விடவில்லை.

“மூச்சை இழுத்து இழுத்து விட்டா என்ன கிடைக்கும்?” என்று ஒருநாள் கேட்டேன். நீ கீரை ஆய்ந்துகொண்டிருந்தாய்.

“மூச்சு இல்லங்க அது. மூச்சை ஓட்டுறது ஒண்ணு இருக்குல்ல, அது. அது கண்ணு வழியா, காது வழியா, நாக்கு வழியா நாள் பூரா வெளிய ஓடிக்கிட்டே இருக்கு. அதை உள்ள திருப்பணும்.”

நான் விழித்ததைப் பார்த்து, என் பாஷையிலேயே சொன்னாய். பொதுப்பணித் துறையில் பாசன லஸ்கர் நான். வாய்க்கால் ஷட்டரை ஏற்றுவதும் இறக்குவதுமாகவே என் காலம் போனது என்று உனக்குத் தெரியாதா?

“மேல இருக்கற அஞ்சு மதகையும் தொறந்து போட்டா நம்ம கடைமடைக்குத் தண்ணி வருமா? வராது. அஞ்சையும் அடைச்சீங்கன்னா? மட்டம் ஏறும். ஏறி, இத்தன நாளா எட்டாத வயலுக்கும் பாயும். அந்த மாதிரிதான். உள்ள ஒரு வயல் காஞ்சு கெடக்குங்க. நமக்கே தெரியாது.”

நல்ல விளக்கம்தான். நாற்பது வருஷம் கலெக்டர் ஆபீஸ் கூட்டங்களில் எந்த இன்ஜினீயரும் அவ்வளவு தெளிவாகச் சொல்லிக் கேட்டதில்லை. ஆனால் ஒப்புக்கொள்வேனா? “பாஞ்சு என்ன வெளையும்?” என்றேன்.

“நாம யாருன்னு தெரியும்.”

“நீ யாருன்னு ரேஷன் கார்டுலயே போட்டிருக்கானே.”

“அதுல உங்க பேருதான் மொதல்ல இருக்கு. என் பேரு ரெண்டாவது. அதுக்கெல்லாம் முன்னாடியே ஒண்ணு இருந்திருக்கும்ல? அதைப் பாக்கணும்” என்றாய்.

சிரித்துக்கொண்டுதான் சொன்னாய். எனக்குத்தான் சுருக்கென்றது. அன்று தொடங்கியது என் பொறாமை. இப்போது சொல்வதில் என்ன வெட்கம்? நான் இல்லாத ஓர் இடத்துக்கு நீ தினமும் போய்வருகிறாய். வரும்போது முகம் தெளிந்து வருகிறாய். அந்தத் தெளிவில் எனக்கு ஒரு பங்கும் இல்லை. அதுதான் என்னைக் குடைந்தது. நீ என்னைக் கூப்பிடாமலும் இல்லை. எனக்கென்று ஒரு கோரைப்பாய் வாங்கிவந்து உன் பாய்க்குப் பக்கத்தில் விரித்தாய். நான் அதைக் கொல்லைக்கு எடுத்துப் போய் உளுந்து காயவைத்தேன். சாயங்காலம் உளுந்தை அள்ளிவிட்டுப் பாயைத் தட்டி, பழையபடி பக்கத்தில் விரித்துவைத்தாய்.

ஐந்து மணிக்கு உட்காருவாய், ஆறு மணிக்கு எழுந்திருப்பாய். கதவை ஒருக்களித்து, தாழ்ப்பாளில் உன் சிவப்புக் காசித்துண்டைத் தொங்கவிடுவாய். துண்டு தொங்கினால் கூப்பிடக் கூடாது. சுவரிலிருந்து ஒரு சாண் தள்ளித்தான் உட்காருவாய். வசந்தி ஒருமுறை ஊருக்கு வந்தபோது உன்னோடு உட்கார்ந்து சுவரில் சாய, தொடையில் ஒன்று வைத்தாய். “சாஞ்சா தூக்கம்டி. நிமிந்தாதான் வழி” என்றாய். சொன்னபடியே, சுண்ணாம்பு அடித்த அந்தச் சுவரில் உன் நிழலைத் தவிர வேறு எதுவும் படவில்லை.

வகுப்பில் சொன்னதையெல்லாம் ராத்திரிச் சோற்றின்போது எனக்கு ஒப்பிப்பாய். “மொதல்ல ஒடம்பு வேர்க்குமாம். அப்பறம் நடுங்குமாம். மூணாவது படியில ஒடம்பு இருக்கறதே தெரியாதாம். நான் இன்னும் மொதப் படிக்கே வரல” என்றாய். “கரண்டு போச்சுன்னா எல்லாரும் மொதப் படிதான்” என்றேன். புரையேறும்வரை சிரித்தாய். அந்த மூன்று படிகளும் என் மனதில் அச்சாகப் பதிந்துவிட்டன. உன் வகுப்பிலிருந்து நான் கற்றுக்கொண்டது அது ஒன்றுதான். அதைக் கற்காமல் இருந்திருக்கலாம்.

நீ போவதற்கு ஒரு மாதம் முன்பு நடந்த சண்டை ஞாபகம் இருக்கிறதா? என் கண்ணாடியைக் காணோம். துண்டு தொங்கியது. “இந்தா, இந்தா” என்று இரண்டு முறை கூப்பிட்டுப் பார்த்தேன். பதில் இல்லை. உள்ளே போய் உன் தோளைப் பிடித்து உலுக்கினேன். தூக்கத்தில் கிணற்றில் விழுந்தவளைப் போல உடம்பு தூக்கிப்போட்டது. கண்ணாடி என் சட்டைப் பையில்தான் இருந்தது.

“முப்பத்தெட்டு வருஷமா கூப்பிட்ட குரலுக்கு வந்துக்கிட்டேதானே இருக்கேன். ஒரு மணி நேரம். அதுல மட்டும் கூப்பிடாதீங்களேன்” என்றாய். கோபமாகக்கூடச் சொல்லவில்லை.

எனக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. “இனிமே கூரை இடிஞ்சு விழுந்தாலும் கூப்பிட மாட்டேன். போதுமா?”

நீ என்னைப் பார்த்துச் சிரித்தாய். “கூரை இடிஞ்சா கூப்பிடுங்க” என்றாய்.

அதற்குப் பிறகு நான் வைராக்கியமாக இருந்தேன். அதை வைராக்கியம் என்பதே தப்பு, வெறும் வீம்பு. துண்டு தொங்கினால் வேண்டுமென்றே சைக்கிளை எடுத்துக்கொண்டு பாலத்தடி டீக்கடைக்குப் போய்விடுவேன். நீ கண் திறக்கும்போது வீட்டில் யாரும் இருக்கக் கூடாது. தேட வேண்டும். எனக்கு அப்படி ஓர் அற்ப ஆசை.

அன்று புரட்டாசிச் செவ்வாய்க்கிழமை. மத்தியானம் கத்திரிக்காய்ப் புளிக்குழம்பு. சாப்பிட்டுப் படுத்தவள், “நெஞ்சு என்னமோ கரிக்குதுங்க. இடது கையி வேற கொடையுது” என்றாய். “ரெண்டு கரண்டி கூடப் போட்டுக்கிட்டா கரிக்காம என்ன பண்ணும்?” என்றேன். நீ சோம்பு மென்றுவிட்டுப் புரண்டு படுத்தாய். நாலரை மணிக்கு எழுந்து, தலை வாரி, எண்ணெய் தாராளமாக வைத்துக் கொண்டை போட்டாய். துண்டு ஏறியது.

ஐந்தேகாலுக்குச் சைக்கிள் எடுக்கக் கொல்லைக்குப் போனேன். உள்ளறை ஜன்னல் அந்தப் பக்கம்தானே. எட்டிப் பார்த்தேன்.

நீ சுவரில் சாய்ந்திருந்தாய்.

கண் மூடியிருந்தது. ரவிக்கை தெப்பமாக நனைந்து, கழுத்தில் வேர்வை ஓடியது. முட்டியில் இருக்க வேண்டிய வலது கை தரையில் கிடந்தது. விரல்கள் என் பாயின் ஓரத்தைப் பிடித்துப் பிடித்து விட்டுக்கொண்டிருந்தன. நான் அங்கே நின்று என்ன நினைத்தேன் என்பதை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை. ‘வேர்த்தாச்சு, நடுக்கமும் வந்தாச்சு. அம்மா ஒரே நாளில் இரண்டு படி ஏறிட்டாங்க’ என்று நினைத்தேன். நக்கலாகத்தான் நினைத்தேன்.

ஆனால் நீ சாயமாட்டாய் என்பது எனக்குத் தெரியும். அதுதான் விஷயம். பதினோரு மாதத்தில் ஒருநாள்கூடச் சாயாதவள் சாய்ந்திருக்கிறாள் என்று கண் பார்த்தது, மனசும் பார்த்தது. கூப்பிடலாமா என்று வாயைத் திறந்தேன். ‘கூப்பிட்டால் மறுபடியும் அந்த ஒரு மணி நேரப் பேச்சு வரும். கூரையா இடிந்துவிட்டது?’ என்று மூடிக்கொண்டேன்.

சைக்கிளை மிதித்துப் போய்ப் பாலத்தடியில் உட்கார்ந்தேன். மேட்டூர் திறந்து இத்தனை நாளாகியும் கடைமடைக்குத் தண்ணி எட்டவில்லை, நேரடி விதைப்புப் பயிர் கருகுகிறது என்று நாலு பேர் பேசிக்கொண்டிருந்தார்கள். ஓய்வு பெற்ற லஸ்கர் வாய் மூடியிருப்பானா? எந்த மதகை எத்தனை நாள் அடைத்தால் எங்கே மட்டம் ஏறும் என்று விரலால் மண்ணில் கோடு போட்டுக் காட்டினேன். ஆறு மணி ஆனது. வேண்டுமென்றே இன்னொரு டீ சொன்னேன்.

ஆறரைக்கு வந்தபோது துண்டு அப்படியே தொங்கியது. வீட்டில் விளக்கு ஏற்றியிருக்கவில்லை.

உள்ளூர் டாக்டர் வந்து பார்த்தார். போய் ஒரு மணி நேரம் இருக்கும் என்றார். நீ ஐந்தே முக்கால்வரை இருந்திருக்கிறாய். காரைக்கால் ஆஸ்பத்திரிக்கு ஆட்டோவில் இருபது நிமிஷம்.

நானாக முதலில் பொய் சொல்லவில்லை. வகுப்பு நடத்தும் அம்மாதான் வந்து, உன்னைப் பார்த்து, கைகூப்பி, “உட்காந்த நிலையிலயே அடங்கிட்டாங்க. யாருக்குக் கெடைக்கும் இந்தப் பாக்கியம்?” என்றார்கள். நல்ல மனுஷி, நம்பித்தான் சொன்னார்கள். உன்னைப் படுக்கவைக்கக் கூடாது என்று நாற்காலியில் உட்காரவைத்து, நெற்றி நிறைய விபூதி பூசினார்கள். காரைக்கால்மேட்டிலிருந்து மீன் கொண்டுவரும் அம்மா கூடையை வாசலில் இறக்கிவிட்டு உன் காலில் விழுந்தது. நான் தூணைப் பிடித்துக்கொண்டு நின்றேன். விடியற்காலையில் வசந்தி பாண்டியிலிருந்து வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள்.

“அம்மா கஷ்டப்பட்டாங்களாப்பா?”

“இல்லம்மா. நான் பாத்தேனே. சிரிச்ச மொகமா, நேரா உட்காந்திருந்தா.”

அதுதான் நான் சொன்ன பொய். அவள் அழுகை அப்படியே தணிந்தது. அந்தத் தணிவைப் பார்த்தபின் உண்மையைச் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. பிறகு கேட்டவர்களுக்கெல்லாம் அதையே சொன்னேன். சொல்லச் சொல்ல எனக்கே அது வாகாகிவிட்டது.

உன் பாயைத் தொடாமல் என் பாயில் உட்கார்ந்து பார்த்தேன், தெரியுமா? ஒரு சாண் தள்ளித்தான். கண்ணை மூடினேன். காதை அடைக்க முடியாவிட்டாலும் மனசை அதிலிருந்து இழுத்தேன். நீ சொன்னது சரிதான், அடைத்தால் மட்டம் ஏறுகிறது. ஆனால் ஏறிவந்தது உன் விரல்கள். பாய் ஓரத்தைப் பிடித்துப் பிடித்து விட்ட விரல்கள். எழுந்து ஓடிவிட்டேன். மறுநாளும் உட்கார்ந்தேன், மறுநாளும் அதுதான். ஷட்டர் திறந்ததும் வரும் முதல் தண்ணீரைப் பற்றி நீ ஒருமுறை சொன்னாயே. “புதுத்தண்ணி செத்தையும் சேறுமாத்தான் வரும். அதைப் பாத்துட்டு மதகை மூடிடக் கூடாதுல்ல?” என்று. நான் ஒரு வருஷமாக மூடிமூடித்தான் வைத்திருந்தேன்.

வசந்தி நேற்று வந்தாள். நாளைக்குத் திதி. சாயங்காலம் வகுப்பில் உன் படத்துக்கு மாலை போட்டு, உன் கடைசி நேரத்தைப் பற்றி நான் பேச வேண்டுமாம். “நீங்க பாத்ததை அப்படியே சொல்லுங்கய்யா, எல்லாருக்கும் ஒரு தெம்பா இருக்கும்” என்று வகுப்பு நடத்தும் அம்மா சொல்லியனுப்பியிருக்கிறார்கள்.

இன்று மத்தியானம் பெயின்ட்காரர் சாப்பிடப் போனபின் வசந்தி உள்ளறைக்குள் போனாள். நானும் பின்னாலேயே போனேன்.

“இந்தச் சுவரை மட்டும் ஏம்ப்பா விட்டுட்டீங்க?”

அவள் குனிந்து கறையைத் தொட்டு, விரலை மோந்து பார்த்தாள். ஒரு வருஷத்துக்குப் பிறகு என்ன வாசனை இருக்கும்? இருந்தாலும் மோந்தாள்.

“இது அம்மா தலை எண்ணெய்தானே?”

“ம்.”

“அம்மா சாய மாட்டாங்களேப்பா.”

தூக்கும்போது பட்டிருக்கும் என்று சொல்ல ஒரு பொய் நாக்கு நுனியில் தயாராக இருந்தது. அவள் நம்பியிருப்பாள். ஆனால் அவளும் பாண்டியில் தினம் சாயங்காலம் கதவைச் சாத்திக்கொண்டு உட்காருகிறாள் என்று மாப்பிள்ளை போன மாதம் சொன்னார். “துண்டு போட்டுட்டா நாங்க யாரும் கிட்ட போக மாட்டோம் மாமா” என்றார். அதுதான் அந்தப் பொய்யைச் சொல்லவிடவில்லை. அவளுக்கு ஒருநாள் வேர்த்தால்? அந்த வீட்டிலும் யாரோ ஜன்னலில் எட்டிப் பார்த்துவிட்டு, அத்தை ஏறிய படியில் இவளும் ஏறுகிறாள் என்று டீ குடிக்கப் போனால்?

சொல்லிவிட்டேன். நெஞ்சு கரித்தது, கை குடைந்தது, குழம்பைக் கிண்டல் செய்தது, ஜன்னல், வேர்வை, விரல், வாயைத் திறந்து மூடியது, எல்லாம். முடித்தபின் அவள் கேட்டாள்.

“மணி என்ன அப்ப?”

“அஞ்சேகால்.”

“டீக்கடையில எத்தனை டீ குடிச்சீங்க?”

“ரெண்டு.”

அவள் எழுந்துவந்து என் தோளில் கிடந்த உன் காசித்துண்டை எடுத்தாள். ஒரு வருஷமாக அதை நான்தான் போட்டுக்கொண்டிருக்கிறேன். என்னைக் கதவுக்கு வெளியே விட்டு, தாழ்ப்பாளில் துண்டைத் தொங்கவிட்டு, உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

பழி உன் யோகத்தின் மேல் இல்லை. நீ தேடிய வழியில் எனக்கு இப்போது சந்தேகம் கிடையாது. நீ உள்ளே திரும்பினாய். நான் உன்னை விட்டே திரும்பிக்கொண்டேன். இரண்டும் ஒன்றல்ல என்று தெரிய எனக்கு இத்தனை நாள் ஆகியிருக்கிறது. நாளைக்கு வகுப்பில் பேசத்தான் போகிறேன். நீ அடங்கிப்போன கதையை அல்ல. வேர்த்தால் கிட்டப் போய்த் தொட்டுப் பாருங்கள், தவம் கலைந்தால் கலையட்டும், மறுநாள் உட்கார்ந்துகொள்ளலாம் என்று சொல்வேன். அதற்குப் பிறகு ஊர் என் முகத்தில் காறித் துப்பினாலும் சரி.

துண்டு தொங்கும் கதவுக்கு முன்னால் நின்றேன். உள்ளே சத்தமே இல்லை. அழுகிற சத்தம்கூட இல்லை. அவளை இப்போது கூப்பிட எனக்கு என்ன யோக்கியதை இருக்கிறது? என் குரலைக் கேட்கவே அவளுக்குப் பிடிக்காது. எல்லாம் தெரிந்துதான் துண்டை ஒதுக்கிவிட்டுக் கதவைத் தட்டினேன்.

“வசந்தி.”

பதில் இல்லை. மறுபடியும் தட்டினேன்.

“வசந்தி, சத்தம் குடும்மா.”

“இருக்கேன்” என்றாள். கொஞ்சம் கழித்து, “போங்க” என்றாள்.

நான் போகவில்லை. பெயின்ட் வேலைக்காகக் கூடத்தில் போட்டிருந்த என் பாயை எடுத்துவந்து கதவுக்கு வெளியே விரித்து உட்கார்ந்திருக்கிறேன். இதை அங்கிருந்துதான் எழுதுகிறேன். கால் மணிக்கு ஒருமுறை அவளைக் கூப்பிடுகிறேன். ஒவ்வொரு முறையும் எரிந்து விழுந்து, “இருக்கேன்” என்கிறாள். பின்னால் சுவர் இருக்கிறது; சாயவில்லை.